கிரீஸுக்குள் மறையும் சத்தம்

எங்கள் காயல்பட்டினத்துத் தெருக்கள் குறுகியவை. தெருவிலிருந்து முடுக்குக்குள் கார் நுழைய வேண்டுமானால் ஸ்டியரிங்கை முழுவதுமாக ஒடித்தே ஆக வேண்டும். வாப்பாவின் பழைய கார் அவ்வாறு வலப்புறம் ஒடியும்போதெல்லாம், இடது முன்சக்கரத்திலிருந்து ‘டக், டக், டக்’ என்று ஓர் ஓசை எழலாயிற்று. நேராக ஓடும்போது அவ்வோசை இல்லை. திருச்செந்தூருக்கோ தூத்துக்குடிக்கோ சென்று திரும்பினால், அப்படியொரு குறை இருப்பதே தெரியாது.

இதை எழுதும் நாங்கள் உடன்பிறந்தோர் இருவர். கண்பார்வை மங்கத் தொடங்கியதால் வாப்பா கார் ஓட்டுவதை நிறுத்திவிட்டார்கள். உப்புக் காற்றில் நின்று துருப்பிடிப்பதைக் காட்டிலும் விற்றுவிடுவதே மேல் என்று முடிவு செய்தோம். ஆறுமுகநேரியைச் சேர்ந்த ஓர் இளைஞர் வந்து பார்த்தார். மனைவிக்குப் பேறுகாலம் நெருங்குகிறது, மருத்துவமனைக்குப் போய்வர ஒரு வண்டி வேண்டும் என்றார். நெடுஞ்சாலையில் சிறிது தூரம் ஓட்டிப் பார்த்தார். மனநிறைவுடன் விலை பேசி முன்பணமும் கொடுத்துச் சென்றார். அவர் முடுக்குக்குள் திரும்பிப் பார்க்கவில்லை. நாங்களும் திருப்பிக் காட்டவில்லை.

அன்று மாலை தரகரிடம் இந்த ஓசையைப் பற்றிச் சொன்னோம். “இதற்கா கவலை? கிழிந்த ரப்பர் பூட்டை மாற்றி, உள்ளே நிறையக் கிரீஸ் அடைத்துவிடுங்கள். ஒரு மாதத்துக்குச் சத்தம் அடங்கியிருக்கும், அதற்குள் வண்டி கைமாறிவிடும்” என்றார். அந்த யோசனை எங்களுக்குக் கசக்கவில்லை என்பதை மறைக்காமல் சொல்லிவிடுகிறோம். பழைய வண்டி என்றால் குறை இருக்கத்தானே செய்யும், வாங்குபவர்தானே பார்த்து வாங்க வேண்டும் என்று எங்களுக்குள் சமாதானமும் சொல்லிக்கொண்டோம்.

இஷாத் தொழுதுவிட்டு வந்த வாப்பா, திண்ணையில் நாங்கள் பேசிக்கொண்டிருந்ததைக் கேட்டுவிட்டார்கள். “அந்தத் தம்பியிடம் சொல்லியாச்சா?” என்று மட்டும் கேட்டார்கள். நாங்கள் பேசாமல் இருந்தோம். வாப்பா நெடுங்காலம் இரத்தினக்கல் வியாபாரம் செய்தவர்கள். மரகதத்தின் உள்ளே வெடிப்பு இருந்தால் எண்ணெய் ஊட்டுவது அத்தொழிலில் உண்டு. எண்ணெய் நிறைந்தபின் வெடிப்பு கண்ணுக்குத் தெரியாது, காலப்போக்கில் எண்ணெய் உலர்ந்ததும் மீண்டும் தெரியும். “எண்ணெய் ஊட்டிய கல்லை ஊட்டியது என்று சொல்லி விற்றால் வியாபாரம், சொல்லாமல் விற்றால் அதற்கு வேறு பெயர். கல்லுக்கு எண்ணெய், காருக்குக் கிரீஸா?” என்றார்கள்.

பின்னர், நாம் அனைவரும் மதரஸாவில் கேட்டிருக்கும் அந்தச் சம்பவத்தை நினைவூட்டினார்கள். நபி (ஸல்) அவர்கள் கடைத்தெருவில் ஒரு தானியக் குவியலுக்குள் கையை நுழைத்தபோது விரல்களில் ஈரம் பட்டது. மழையில் நனைந்துவிட்டது என்று வியாபாரி காரணம் சொன்னார். அப்படியானால் நனைந்ததை மக்கள் காணும்படி மேலே வைத்திருக்க வேண்டாமா என்று கேட்டு, ஏமாற்றுதலைக் கடுமையாகக் கண்டித்தார்கள். அபூஹுரைரா (ரலி) அவர்கள் அறிவிக்கும் இச்செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் இடம்பெற்றுள்ளது. மழை பெய்தது வியாபாரியின் குற்றமன்று. ஈரத்தை அடியில் வைத்ததே குற்றம். பூட் கிழிந்ததும் எங்கள் குற்றமன்று. ஆனால் கிரீஸை அடைத்தால் அது எங்கள் செயலாகிவிடும்.

மறுநாளே அந்த இளைஞரைத் தொலைபேசியில் அழைத்தோம். குறையைச் சொன்னோம், நாங்களே புதிய ஜாயிண்ட் மாற்றித் தருகிறோம், நேரில் வந்து பாருங்கள் என்றோம். பட்டறைக்குக் கொடுக்காமல் வீட்டிலேயே செய்யத் துணிந்ததற்குச் சிக்கனம் ஒரு காரணம். என்ன கெட்டுப்போயிருக்கிறது என்பதைக் கண்ணால் பார்த்துவிட வேண்டும் என்ற ஆவல் மற்றொன்று.

வாசகர்களில் பலருக்கு இந்தப் பாகம் புதிதாக இருக்கலாம். முன்சக்கரங்களை எஞ்சின் இழுக்கும் கார்களில், கியர் பெட்டியிலிருந்து ஒவ்வொரு முன்சக்கரத்துக்கும் ஓர் ஆக்சில் செல்கிறது. அந்தச் சக்கரம் சுழல்வதோடு இடவலமாகத் திரும்பவும் வேண்டும்; மேடுபள்ளத்தில் ஏறி இறங்கவும் வேண்டும். சாதாரணக் குறுக்குக் கட்டை ஜாயிண்ட் மடங்கிய நிலையில் சுழன்றால், ஒரு சுற்றுக்குள்ளேயே வேகம் கூடியும் குறைந்தும் சக்கரத்தைக் குலுக்கும். இக்குறையை நீக்க, 1920களில் ஆல்ஃபிரெட் ஷெப்பா என்னும் பொறியாளர் வேறொரு ஜாயிண்ட்டை வடிவமைத்தார். கிண்ணம் போன்ற வெளிப்பகுதி, அதற்குள் ஓர் உள்வளையம், இரண்டுக்கும் நடுவே பள்ளங்களில் ஓடும் ஆறு எஃகுக் குண்டுகள், அவற்றைப் பிடித்து நிறுத்தும் ஒரு கூண்டு. எந்தக் கோணத்தில் மடங்கினாலும் உள்ளே வரும் வேகமே வெளியேயும் செல்லும். 1959இல் வெளிவந்த மினி கார் இவ்வகை ஜாயிண்ட்டைப் பரவலாக்கியது. இன்று நம் தெருக்களில் ஓடும் சிறிய கார்களில் பெரும்பாலானவற்றின் சக்கரத்தருகே இருப்பது இதுவே.

இதன் உயிர் கிரீஸில் இருக்கிறது. கிரீஸைக் காப்பது மடிப்பு மடிப்பான ரப்பர் பூட். பூட் கிழிந்தால், சுழலும் வேகத்தில் கிரீஸ் வெளியே சிதறிச் சக்கரத்தின் உட்புறமெங்கும் அப்பிக்கொள்ளும். அதன் இடத்தில் மணலும் நீரும் புகும். குண்டுகள் ஓடும் பள்ளங்கள் தேயும். முழுவதுமாக ஒடித்துத் திருப்பும்போது, தேய்ந்த பள்ளத்தில் குண்டு இடறுவதுதான் அந்த ‘டக்’ ஓசை. தேய்ந்த எஃகைக் கிரீஸ் வளர்த்துத் தராது. ஓசையைச் சிறிது காலம் அமுக்கும், அவ்வளவே. அப்படியே ஓட்டிக்கொண்டிருந்தால் ஒருநாள் ஜாயிண்ட் உடைந்து, எஞ்சின் ஓடினாலும் வண்டி நகராமல் நின்றுவிடக்கூடும். அந்த நாள் பேறுகால நள்ளிரவாக இருந்தால் என்ன ஆகும் என்ற எண்ணம் எங்களை உறுத்தியது.

தூத்துக்குடியில் ஏறத்தாழ 2,000 ரூபாய்க்குப் புதிய ஜாயிண்ட், பூட், கிரீஸ் பொட்டலம், கிளிப்புகள், லாக் எல்லாம் ஒரே பெட்டியில் கிடைத்தன. புதிய ஹப் நட் ஒன்றும் வாங்கினோம். ஒருபுறம் கடலும் மறுபுறம் உப்பளமும் இருக்கும் ஊரில் எந்த நட்டும் எளிதில் அசையாது. ஆகவே முதல்நாள் இரவே துரு இளக்கும் எண்ணெயைத் தெளித்து வைத்தோம்.

சனிக்கிழமை ஃபஜ்ருக்குப் பின் வேலையைத் தொடங்கினோம். ஹப் நட்டைச் சக்கரம் தரையில் இருக்கும்போதே இளக்க வேண்டும்; தூக்கியபின் அத்தனை விசையையும் கொடுத்தால் வண்டி ஸ்டாண்டிலிருந்து சரியக்கூடும். நட்டின் விளிம்பு, தானாகக் கழலாதபடி ஆக்சிலின் பள்ளத்துக்குள் மடக்கப்பட்டிருந்தது. அதைச் சிற்றுளியால் நிமிர்த்தினோம். ஒருவர் பிரேக்கை மிதித்துக்கொண்டு உட்கார, மற்றவர் ஸ்பேனரின் பிடியில் நீண்ட குழாயைச் செருகி அழுத்தினார். நான்காம் முறை பெரும் ஓசையுடன் நட் இளகியது. உம்மா உள்ளிருந்து ஓடிவந்து, யாருக்கு அடிபட்டது என்று கேட்டார்கள்.

பின்சக்கரங்களுக்குக் கட்டை வைத்து, ஜாக்கியால் தூக்கி, ஸ்டாண்டின் மீது வண்டியை இறக்கினோம். ஜாக்கியை மட்டும் நம்பி எவரும் வண்டிக்கடியில் கையையோ தலையையோ கொடுக்கக்கூடாது. சக்கரத்தைக் கழற்றியபின், லோயர் ஆர்மின் பால் ஜாயிண்ட்டைப் பிடித்திருந்த போல்ட்டை எடுத்து, ஆர்மை நீண்ட கம்பியால் கீழே அழுத்தினோம். ஹப் நட்டைக் கழற்றி, அதன் மரைகள் நசுங்காதவாறு பழைய நட்டை முனையளவுக்குத் திருகி வைத்து, மரக்கட்டையைக் கொடுத்து ஆக்சிலின் முனையைத் தட்டினோம். ஹப்பிலிருந்து ஆக்சில் விடுபட்டது. இந்நிலையில் ஆக்சிலை வெளிப்புறமாக இழுக்கக்கூடாது. இழுத்தால் கியர் பெட்டிப் பக்கத்து ஜாயிண்ட் பிரிந்துவிடக்கூடும். பிரேக் ஹோஸும் இழுபடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பூட்டின் கிளிப்புகளை வெட்டிப் பழைய கிரீஸைத் துடைத்ததும் ஜாயிண்ட் வெளிப்பட்டது. எங்கள் காரில் அதை ஆக்சிலின் முனையில் பிடித்திருந்தது ஒரு சிறிய கம்பி வளைய லாக். கூண்டின் மீது படாமல், உள்வளையத்தின் மீது மட்டும் பித்தளைக் கம்பியை வைத்துச் சுத்தியலால் ஓங்கி அடிக்க வேண்டும். மூன்றாம் அடியில் ஜாயிண்ட் கழன்று கைக்கு வந்தது.

அதற்குள் லுஹர் பாங்கு ஒலித்தது. எங்கள் கைகள் முழங்கை வரை கறுத்திருந்தன. கிரீஸ் படலமாகப் படிந்திருந்தால் நீர் தோலைத் தொடாது, ஒளூ நிறைவேறாது. நிறம் மட்டும் தங்கிய கறையாக இருந்தால் தடையில்லை. தேங்காய் எண்ணெயைத் தேய்த்து, துணியால் துடைத்து, பின் சோப்பிட்டுக் கழுவினோம். நகக்கண்களுக்கு மட்டும் கால்மணி நேரம் பிடித்தது. இதை எதிர்பார்த்து முன்கூட்டியே எண்ணெய் பூசிக்கொண்டோ கையுறை அணிந்தோ வேலையைத் தொடங்குவது நல்லது.

தொழுது திரும்பியபின் ஒரு பிழை செய்தோம். புதிய ஜாயிண்ட்டில் கிரீஸை நிரப்பி, ஆக்சிலில் செருகி, லாக் விழும் ஓசை கேட்கும்வரை தட்டி ஏற்றிவிட்டு மகிழ்ந்தோம். அப்போது வாப்பா தரையைச் சுட்டிக்காட்டி, “அது எதற்கு?” என்றார்கள். புதிய பூட் தரையில் கிடந்தது. பூட்டையும் அதன் சிறிய கிளிப்பையும் முதலில் ஆக்சிலில் நுழைத்துவிட்டுத்தான் ஜாயிண்ட்டை ஏற்ற வேண்டும். மீண்டும் அடித்துக் கழற்றியதில் இருந்த ஒரே லாக்கும் நெளிந்துபோயிற்று. புதியதொன்றுக்காகத் திருச்செந்தூர் வரை செல்ல நேர்ந்தது. அஸருக்குப் பிறகே எல்லாவற்றையும் பூட்டி முடித்தோம். தெரிந்த மெக்கானிக் ஒருவரிடம் டார்க் ரெஞ்ச் இரவல் பெற்று, அவர் சொன்ன அளவுக்குப் புதிய ஹப் நட்டை முறுக்கி, அதன் விளிம்பை மடக்கினோம்.

இனி வேலை முடிந்தது என்று எண்ணியபோது, வலப்பக்கத்துச் சக்கரத்தையும் ஒருமுறை பார்த்தோம். அந்தப் பூட்டின் மடிப்பில் ஒரு மெல்லிய வெடிப்பு இருந்தது. கிரீஸ் இன்னும் கசியவில்லை, ஓசையும் இல்லை. நாங்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். இது தெரியாமலே இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்குமே என்று ஒரு கணம் தோன்றியது உண்மை.

ஞாயிற்றுக்கிழமை அந்த இளைஞர் வந்தார். பழைய ஜாயிண்ட்டை அவர் கையில் கொடுத்தோம். பள்ளங்களில் குண்டுகள் தோண்டியிருந்த குழிகளை விரலால் தடவிப் பார்த்தார். வலப்பக்கத்து வெடிப்பையும் விளக்கடித்துக் காட்டினோம். சற்று யோசித்துவிட்டு, அந்தப் பூட்டை மாற்றும் செலவுக்காக விலையில் 1,500 ரூபாய் குறைத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டார். செய்த வேலைக்கு நன்றி வரும் என்று காத்திருந்த எங்களுக்கு அது சிறிது வலித்தது. வாப்பா ஒரு நொடியும் தயங்கவில்லை: “நியாயந்தானே தம்பி, குறைத்துக்கொள்ளுங்கள்.”

குறையைச் சொன்னால் விலை குறையும். அதுவே நேர்மையின் செலவு. அந்தச் செலவுக்கும் சேர்த்து நன்றியை எதிர்பார்ப்பது நாங்கள் செய்த இரண்டாவது தவறு. பழைய வண்டியோ, வீடோ, நகையோ விற்க இருக்கும் சகோதரர்கள், வாங்குபவர் ஓட்டிப் பார்க்காத அந்தத் திருப்பத்துக்கு அவரைத் தாங்களே அழைத்துச் செல்லட்டும். கேட்டால் சொல்வோம் என்று காத்திருக்க வேண்டாம்.

பணத்தை எண்ணி வைத்துவிட்டு அவர் காரை எடுத்தார். முடுக்கு முனையில் ஸ்டியரிங்கை வலப்புறம் முழுவதுமாக ஒடித்துத் திரும்பினார். வாசலில் நின்ற நாங்கள் மூவரும் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டோம். எஞ்சின் ஓசையைத் தவிர வேறொன்றும் கேட்கவில்லை. “அல்ஹம்துலில்லாஹ்” என்று சொல்லிக்கொண்டே வாப்பா உள்ளே போனார்கள்.