மட்டாஞ்சேரியின் நீலத் தரை

மட்டாஞ்சேரிக்குச் செல்லும் நம் சங்கத்து அன்பர்கள் டச்சு அரண்மனையைத் தவறாமல் காண்பர். போர்த்துக்கீசியர் கட்டிக் கொச்சி மன்னருக்கு அளித்த அம்மாளிகையின் இராமாயணச் சுவரோவியங்கள் காணத் தக்கவையே. ஆயினும் நான் எழுத விரும்புவது அருகிலுள்ள யூதர் ஜெப ஆலயத்தைப் பற்றி; அதிலும் அதன் தரையைப் பற்றி.

1568-இல் எழுந்த ஆலயம் அது. காலணியைக் கழற்றிவிட்டு உள்ளே சென்றால், 18-ஆம் நூற்றாண்டில் சீனத்திலிருந்து கப்பலேறி வந்த பீங்கான் ஓடுகள் பாதத்துக்குக் குளிர்ச்சி தரும். ஒவ்வொன்றிலும் கையால் தீட்டிய நீலச் சித்திரம். ஒன்றைப் போல் மற்றொன்று இராது என்பது வழிகாட்டிகள் வழக்கமாகக் கூறும் செய்தி.

1968-இல் ஆலயத்தின் 400-ஆம் ஆண்டு விழாவுக்குப் பிரதமர் இந்திரா காந்தி அம்மையார் வந்திருந்தார். அதற்கு மறு ஆண்டு, மிளகு வியாபாரத்தின் பொருட்டு இங்கு வந்த தந்தையார் என்னையும் அக்காளையும் உடன் அழைத்து வந்தார். எனக்கு 6 வயது. அவர் குனிந்து ஒரு மூலை ஓட்டைச் சுட்டி, "பார், படகு!" என்றார். அடுத்த ஆண்டு அவர் காலமானார். அந்த விரலும் அந்தப் படகுமே அவரைப் பற்றி என்னிடம் எஞ்சியவை.

சென்ற மாதம் அக்காளுடன் மீண்டும் சென்றேன். நான்கு மூலையும் தேடினேன். செடி, மரம், மறுபடியும் மரம், படகைக் காணோம். ஓர் ஓட்டையே உற்று நோக்கியபோது சுற்றியிருந்தவை மங்கி மறைந்தன. இது கண்ணின் இயல்பு. டிராக்ஸ்லர் என்னும் சுவிஸ் மருத்துவர் 1804-லேயே இதனை எழுதி வைத்தார். எனவே அதற்கு நான் அஞ்சவில்லை.

அஞ்ச வைத்தது அக்காளின் சொல். "அப்பா எங்கே இங்கு வந்தார், தம்பி? அவர் கிடங்கில் அல்லவா இருந்தார்! நம்மை அழைத்து வந்தவர் சின்ன மாமா" என்றாள்.

கால் கீழ் நீலம் அசைவது போலிருந்தது. நினைவென்பது பெட்டியில் பூட்டிய புகைப்படமன்று, ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டப்படுவது என்று கேம்பிரிட்ஜ் அறிஞர் பார்ட்லெட் 1932-இல் எழுதினார். படித்தபோது நயமாக இருந்தது! அவ்விடத்தில் நின்றபோது அப்படியில்லை.

வெளியே மணிக்கூண்டின் கீழ் அக்காள் தயங்கி நின்றாள்.

"அந்த விரலில் மோதிரம் இருந்ததா? மாமா மோதிரமே அணிந்ததில்லை, அப்பாதான் அணிவார்."

இருந்தது என்று சொல்ல வாயெடுத்தேன். அவள் கேட்ட பிறகே அம்மோதிரம் கண்ணுக்குத் தெரிந்ததோ என்ற ஐயம் எழுந்தது. மறுமொழி கூறாது நடந்தேன்.