உரம் கேட்காத செடி

நியூ ஜெர்சியின் எடிசன் பக்கம் வீடு வாங்கும் தமிழர்கள் முதல் கோடையில் கத்தரியும் வெண்டையும் போடுவார்கள். அடுத்த வருடம் ப்ளூபெர்ரி வந்துவிடும். கத்தரிக்குப் பழகிய கை தொழுவுரத்தை அள்ளிப் போடும், கரியடுப்புச் சாம்பலையும் தூவும். ஆடிக்குள் இலை வெளுத்து, நரம்பு மட்டும் பச்சையாக நிற்கும். பசிக்கிறது போலும் என்று இன்னும் கொஞ்சம் உரம் வைப்பார்கள். மண்ணில் இரும்பு இல்லாமல் இல்லை. அமிலத்தன்மை குறைந்த மண்ணில் அது கரையாமல் கிடக்கிறது. சாம்பல் அதை மேலும் பூட்டிவிடுகிறது.

இந்தச் செடிக்கு மண்ணின் பி.எச். 4.5லிருந்து 5 வரை இருக்க வேண்டும். இதைச் சோதனை செய்து காட்டியவர் அமெரிக்க வேளாண்மைத் துறையின் தாவரவியலாளர் ஃபிரெடெரிக் கோவில். 1910இல் அவர் எழுதிய அறிக்கையைப் படித்துவிட்டு, எங்கள் மாநிலத்தின் பைன் பேரன்ஸ் காட்டுப் பகுதியில் குருதிநெல்லி (கிரான்பெர்ரி) விளைவித்த குடும்பத்துப் பெண் எலிசபெத் வைட், 'எங்கள் நிலத்தில் செய்து பாருங்கள்' என்று அவருக்கு எழுதினார். ப்ளூபெர்ரி அதுவரை காட்டுக்குப் போய்ப் பறித்து வந்த பழம்தான். காட்டில் பழம் பொறுக்குகிறவர்களிடம் எட்டில் ஐந்து அங்குல விட்டமுள்ள துளையிட்ட அளவுகோலைக் கொடுத்து, அதில் நுழையாத அளவு பெரிய பழம் காய்க்கும் புதரைக் காட்டினால் பணம் தருவேன் என்றார் வைட். புதருக்குக் கண்டுபிடித்தவரின் பெயரையே வைத்தார். ரூப் லீக் என்பவர் காட்டிய புதர்தான் 'ரூபெல்', இன்றும் பயிராகிறது. 1916இல் முதல் விளைச்சல் சந்தைக்குப் போனது. பிரவுன்ஸ் மில்ஸ் அருகே அவர்கள் நிலம் இருந்த வைட்ஸ்பாக் கிராமத்துக்கு ஒருமுறை போய் அந்த வெள்ளை மணலையும் கறுத்த நீரையும் பார்த்தால், புத்தகம் எதுவும் சொல்லாதது விளங்கும். நெல்லுக்கும் சோளத்துக்கும் ஆகாத மண் அது.

எடிசன் மண்ணோ சிவந்த களி. போதாததற்குப் புல்தரைக்கென்று முந்தைய வீட்டுக்காரர் சுண்ணாம்பு தூவியிருப்பார். ரட்கர்ஸ் பல்கலைக்கழக மண் ஆய்வகத்துக்கு ஒரு பிடி மண் அனுப்பிவிட்டுத்தான் குழி தோண்ட வேண்டும். பி.எச். அளவைக் குறைக்கப் போடும் கந்தகத்தை மண்ணிலுள்ள நுண்ணுயிர்கள் அமிலமாக்கப் பல மாதம் பிடிக்கும். அதனால் நடுவதற்கு முந்தைய வருடமே கலந்துவிடுவேன். வேரில் தூவிகள் கிடையாது, ஆழமும் போகாது. ஆகவே மேட்டுப்பாத்தி, பைன் பட்டை மூடாக்கு, அம்மோனியம் சல்பேட் கொஞ்சம். அவ்வளவுதான்.

டெக்சாஸில் பிளேனோ, ஆஸ்டின் பக்கம் இருப்பவர்கள் சுண்ணாம்பு மண்ணோடு மல்லுக்கட்ட வேண்டாம். தொட்டியில் 'ராபிட்ஐ' இனத்தில் இரண்டு வேறு வகைகளை வைத்தால் ஒன்றுக்கொன்று மகரந்தம் கொடுக்கும். கலிஃபோர்னியாவின் பே ஏரியாவில் குளிர் குறைவு என்பதால் தென்பகுதி வகைகள் நன்றாகக் காய்க்கும்.

எனக்குப் பிடித்த வேலை மாசிக் குளிரில் செய்யும் கவாத்து. போன வருடம் வளர்ந்த குச்சியின் நுனியைக் கண்ணருகே பிடித்தால், உருண்டு திரண்டிருப்பது பூ மொட்டு, ஒட்டிக் கூராக இருப்பது இலை மொட்டு. ஒரு பூ மொட்டிலிருந்து கொத்தாக ஐந்து முதல் பத்துப் பூ விரியும். அதனால் மெலிந்த குச்சியில் மொட்டு அதிகம் இருந்தால் நுனியைக் கிள்ளிவிடுவேன். தடித்துச் சாம்பல் பூத்த பழங்கிளைகளை அடியோடு அறுத்துவிட வேண்டும். காய்க்கிற கிளையை அறுக்க மனம் வராது என்பார்கள். அறுக்காவிட்டால் புதுத்துளிர் வராது, பழமும் மிளகளவுக்குச் சிறுத்துவிடும்.

பழம் நீலமானதும் பறிப்பது அவசரம். காம்புப் பக்கம் சிவப்பு வளையம் மறைய இன்னும் நாலைந்து நாள் ஆகும். செடியில் இருக்கும்போதுதான் இனிப்பு ஏறும், கூடைக்குப் போன பிறகு ஏறாது. கொத்தின் அடியில் உள்ளங்கையை ஏந்தி, கட்டைவிரலால் மெல்ல உருட்டினால் கனிந்தது மட்டும் விழும். மேலே படிந்த வெள்ளைப் பொடியைக் கழுவாமல் வைத்தால் பழம் பல நாள் தாங்கும்.

பறவைகளுக்கு முன்பே பறித்த அரைப்பழங்களை என் வீட்டில் தொக்காக்குகிறோம். நல்லெண்ணெயில் கடுகு தாளித்து, மிளகாய்த்தூள், வறுத்த வெந்தயப் பொடி, கடைசியில் ஒரு துண்டு வெல்லம். புளி போட வேண்டியதில்லை. களாக்காய் ஊறுகாய் சாப்பிட்டு வளர்ந்தவர்கள் தயிர்ச்சோற்றுக்கு இரண்டாம் முறை கேட்டு வாங்குவார்கள்.