சென்னைக்கு மிக அருகில் ஒரு மனக்கோயில்

கதை சொல்லியே பொருளை மாற்றுகிற ஒரு விஞ்ஞானம் இருப்பதாக வைத்துக்கொள்வோம். மந்திரம் அல்ல, பாடத்திட்டமும் பரிசோதனைக் கூடமும் உள்ள முறையான விஞ்ஞானம். தக்க சொல்லைத் தக்க இடத்தில் சொன்னால் சுவர் எழும்பும், கல் திரும்பும். கற்பனைக் கதை எழுதுகிறவர்களுக்குப் பிடித்த விளையாட்டு இது. அப்படியொரு துறை உண்மையிலேயே இருந்தால், அதன் பரிசோதனைக் கூடத்தை சென்ட்ரல்–அரக்கோணம் ரயில் பாதையில்தான் கட்ட வேண்டும் என்பேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை திருவள்ளூர் லோக்கலில் ஏறினால் ஜன்னலோரம் கிடைக்கும். கொரட்டூர், பட்டரவாக்கம், அம்பத்தூர் தாண்டி, திருமுல்லைவாயலில் இறங்கினேன். தொண்டைமான் என்ற மன்னன் யானை மேல் வந்தபோது யானையின் காலை முல்லைக்கொடி சுற்றிக்கொண்டது. கொடியை அறுக்க அவன் வீசிய வாள், புதருக்குள் இருந்த லிங்கத்தின் மேல் பட்டது. மாசிலாமணீசுவரர் கோயிலின் தலபுராணம் இது. அந்த வெட்டுக்காயத்துக்காக இன்றும் ஆண்டு முழுவதும் சுவாமிக்குச் சந்தனக்காப்பு. மன்னனுக்குத் துணையாகப் போருக்குப் புறப்பட்டதாகச் சொல்லப்படும் நந்தியோ, மற்றக் கோயில்களின் நந்தியைப் போல் சுவாமியைப் பார்க்காமல், வெளியே பார்த்து உட்கார்ந்திருக்கிறது. கல்தச்சர் கையில் உளி இருந்தது உண்மைதான். எந்தப் பக்கம் திருப்பி வைப்பது என்று சொன்னது கதை.

அடுத்து ஆவடி. 1955 ஜனவரியில் காங்கிரஸ் மாநாடு இங்கே கூடியது. தேபர் தலைவர், காமராஜ் சென்னை மாநில முதலமைச்சர். சோஷலிச பாணி சமுதாயமே குறிக்கோள் என்று பந்தலுக்குள் தீர்மானம் போட்டார்கள். இல்லாத ஒரு நாட்டைச் சொல்லால் வரைந்து காட்டிய அதுவும் ஒரு கதைதான். மறு ஆண்டே இரண்டாம் ஐந்தாண்டுத் திட்டம் வந்தது. 1961-இல் ஆவடியில் டாங்கித் தொழிற்சாலை, 1965-இல் அதிலிருந்து முதல் விஜயந்தா டாங்கி, அறுபதுகளின் நடுவில் அம்பத்தூர் தொழிற்பேட்டை. இருந்தாலும் புண்ணியம் முழுவதையும் தீர்மானத்தின் கணக்கில் எழுதிவிட முடியாது. டி.ஐ. சைக்கிள்ஸ் 1949-லேயே அம்பத்தூருக்கு வந்துவிட்டது. டாங்கி செய்ய ராணுவத்துக்கு இருந்த அவசரம் வேறு.

இந்து காலேஜ், பட்டாபிராம், நெமிலிச்சேரி கடந்தால் திருநின்றவூர். நான் கிளம்பியதே இந்த ஊருக்காகத்தான்.

பூசலார் என்ற வேதியர் இவ்வூர்க்காரர். சிவனுக்குக் கோயில் கட்ட ஆசை, கையில் காசில்லை. கேட்ட இடத்திலெல்லாம் கிடைக்காமல் போகவே, மனத்துக்குள் கட்டத் தொடங்கினார். இந்த இடத்தில், இக்கதையைப் பாடிய சேக்கிழார் காட்டும் நுணுக்கத்தைப் பார்க்க வேண்டும். பூசலார் மனத்தில் பொருள் சேர்க்கிறார், தச்சர்களைச் சேர்க்கிறார், நல்ல நாள் பார்க்கிறார், இரவிலும் கண் துயிலாமல் வேலை நடத்துகிறார். சிகரம் வைத்துச் சுதை பூசுகிறார். கிணறும் குளமும் மதிலும் கூட விட்டுப்போகவில்லை. ஒரு மேஸ்திரியிடம் கொடுத்தால் அப்படியே கட்டி முடித்துவிடுவார். குடமுழுக்குக்கு அவர் குறித்த அதே நாளில்தான் காஞ்சியில் பல்லவ மன்னனின் கற்றளிக்கும் குடமுழுக்கு. முதல் நாள் இரவு மன்னன் கனவில் சிவன் வந்து, நாளை நின்றவூர்ப் பூசலின் கோயிலுக்குப் போகிறேன், உன் விழாவைத் தள்ளி வை என்கிறார். மன்னன் ஓடி வந்து கோயில் எங்கே என்று கேட்க, ஊரார் விழிக்கிறார்கள். அப்படி ஒரு கோயிலே இல்லை.

இந்தக் கதை வளர்ந்த விதம் கதையை விடச் சுவையானது. சுந்தரரின் திருத்தொண்டத் தொகையில் பூசலாருக்குக் கிடைத்த இடம் பெயரும் ஊரும் வருகிற ஒரு தொடர்தான். நம்பியாண்டார் நம்பி அதை ஒரு பாட்டாக்கினார். 12-ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் அதைத் தனிப் புராணமாக்கினார். காஞ்சி கைலாசநாதர் கோயிலில், 8-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லவ மன்னன் ராஜசிம்மன் வெட்டுவித்த வடமொழிக் கல்வெட்டு, கலியுகத்திலும் அவன் அசரீரி கேட்டதாக வியக்கிறது. அந்த அசரீரியையும் இந்தக் கனவையும் ஆய்வாளர்கள் சேர்த்துப் பார்ப்பதுண்டு. எனக்கும் அது பொருத்தமாகவே படுகிறது.

சேக்கிழாரின் பாட்டில் நின்றவூரில் கல் கோயில் எழவில்லை. மன்னன் வணங்கிவிட்டுத் திரும்பிப் போகிறான். பூசலார் மனத்துக்குள்ளேயே பூசையைத் தொடர்கிறார். இன்றோ ஷேர் ஆட்டோவில் ஏறி "இருதயாலீசுவரர் கோயில்" என்றால் வாசலிலேயே இறக்கிவிடுகிறார்கள். கல்லும் சுண்ணாம்புமாக நிஜக் கோயில். கருவறையில் லிங்கத்துக்குப் பக்கத்தில் பூசலார் இருக்கிறார். மனத்தால் கட்டியவர் என்பதால் இதய நோயாளிகள் தேடி வருகிறார்கள். எனக்கு முன்னால் நின்ற அம்மாள் அர்ச்சனைத் தட்டில் தேங்காய்க்கும் வெற்றிலைக்கும் நடுவே ஆஸ்பத்திரி ஃபைலை வைத்திருந்தார். "யாருக்கும்மா?" என்று குருக்கள் கேட்டார். "அவருக்குத்தான் சாமி, வர்ற புதன்கிழமை ஆபரேஷன்." ஃபைலில் குங்குமம் படாமல் ஓரமாகத் தள்ளி வைத்துவிட்டு, பெயரும் நட்சத்திரமும் கேட்டு அர்ச்சனை செய்தார் குருக்கள். நோய் தீருமா என்பதை மருத்துவர்கள் பார்த்துக்கொள்ளட்டும். அந்த அம்மாளின் கை நடுக்கம் தீபாராதனைக்குப் பிறகு குறைந்திருந்ததை நான் பார்த்தேன்.

வெளியே வந்தால் மனை விளம்பரப் பலகைகள். "சென்னைக்கு மிக அருகில்" என்ற மூன்று சொற்களை நாம் கிண்டல் செய்தே பழகிவிட்டோம். ஆனால் அந்தச் சொற்களை நம்பிப் பணம் கட்டியவர்கள் வீடு கட்டினார்கள். வீட்டைத் தேடிச் சாலை வந்தது, பள்ளி வந்தது, கடைசியில் சென்னையே நகர்ந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்துகொண்டது. பூசலார் குளத்தையும் சேர்த்துத்தான் நினைத்தார். மனை போடுகிறவர்கள் ஏரி இருந்த இடத்தைக் கதையிலிருந்து எடுத்துவிடுகிறார்கள். அந்த ஏரி டிசம்பர் மழைக்கு வீட்டுக்குள் வந்து நிற்கிறது.

போக நினைப்பவர்கள் நண்பகலில் நடை சாத்துவதற்குள் போய்விடுங்கள். அதே ஊரில் பக்தவத்சலப் பெருமாள் கோயிலும் இருக்கிறது, 108 திவ்ய தேசங்களில் ஒன்று. இன்னொரு ஞாயிற்றுக்கிழமை பூந்தமல்லி வழியாகக் குன்றத்தூர் போங்கள். சேக்கிழார் பிறந்த ஊர் அது; அவருக்கு அங்கே கோயிலும் உண்டு. பூசலாரைத் தேடி வருகிறவர்களில் பாதிப் பேராவது அவரையும் எட்டிப் பார்க்க வேண்டும்.