எங்க போட்டாய்?

எங்களைப் பார்த்தால் ஒண்டும் தெரியாது. நாங்கள் இரண்டு பேர், ஒரே பீடம். ஒராள் ஏழு வயதில் மாமரத்தால் விழுந்தது. மற்றாள் ஒன்பது வயதில் மோட்டார் சைக்கிள் விபத்தில் அடிபட்டது. தழும்புகளைத் தலைமயிர் மூடிவிட்டது. "பிள்ளை தப்பினதே பெரிய காரியம்" என்று சொல்லி வீட்டுக்காரரும் அந்தக் கதையை முடித்துவிட்டார்கள்.

ஆனால் சின்ன வயதில் மூளையில் பட்ட அடி உடனேயே முழுசாக வெளியில் தெரிய வேண்டும் என்றில்லை. கவனத்தைப் பிடித்து வைக்கிறது, திட்டமிடுகிறது எல்லாம் பெரும்பாலும் நெற்றிக்குப் பின்னால் இருக்கிற பகுதியின் வேலை. அது இருபதுகளின் நடுப்பகுதி வரைக்கும் வளர்ந்துகொண்டிருக்கும். ஏழு வயதில் அந்த வேலைகளை எங்களிடம் யாரும் பெரிசாகக் கேட்கவில்லை. ஏ.எல். படிக்கும்போதுதான் கேட்டார்கள். அதற்குள் பழைய காயத்தை எல்லாரும் மறந்துவிட்டார்கள். "படிக்கப் பஞ்சி" என்றார்கள்.

லெக்சர் தொடங்கி அரை மணித்தியாலம் போனால் களைப்பு வந்துவிடும். நித்திரை கொண்டாலும் போகாத களைப்பு அது. வசனங்கள் வெறும் சத்தமாகத்தான் கேட்கும். அப்போதுதான் நாங்கள் கனவுக்குள் போவது. ஒராளுக்கு அங்கே ஒரு தீவு இருக்கு. மற்றாளுக்கு அடிபடாமல் வளர்ந்த இன்னொரு வாழ்க்கை இருக்கு. அங்கே ஆக்களின் பெயர் மறக்காது, சொல்லுக்கு நாக்குத் தடக்காது.

நாளாந்த வாழ்க்கையைக் குழப்பும் அளவுக்குப் போகிற பகற்கனவுக்கு 2002இல் எலி சோமர் என்ற உளவியலாளர் ஒரு தனிப் பெயர் வைத்தார். அதை வாசித்ததும் ஒராளுக்கு ஆறுதல், மற்றாளுக்குப் பயம். இரண்டுமே நியாயம்தான். களைத்த மூளைக்குக் கனவு ஒரு கதிரை மாதிரி, கொஞ்சநேரம் இருந்துவிட்டு எழும்பலாம். சில பின்னேரங்களில் எழும்ப மனம் வராததுதான் பிரச்சினை. வெளியில் எங்களுக்கு இடம் குறையக் குறைய, உள்ளே இருக்கிற நேரம் கூடுகிறது.

மாற்றுத்திறனாளிகளின் உரிமைகளுக்கு 1996இலேயே 28ஆம் இலக்கச் சட்டம் வந்தது. ஆனால் கண்ணுக்குத் தெரியாத காயத்தை ஒவ்வொரு முறையும் நாங்கள்தான் விளக்க வேண்டியிருக்கு. நாங்கள் கேட்கிறது பெரிய விசயம் இல்லை. இடையில் பத்து நிமிசம், எழுத்தில் ஒரு குறிப்பு, பதில் சொல்லக் கொஞ்சம் அவகாசம்.

யன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கிற ஒராளைக் கண்டால், "எங்க போட்டாய்?" என்று அதட்டாமல் கேளுங்கோ. சிலநேரம் உண்மையையே சொல்லுவம்.