சேயாற்று மலையில் வாலியர் வீடுகள்

தை 5, செங்கம்

ஜவ்வாது மலையில் தோன்றிச் செங்கம் வழியே ஓடிப் பாலாற்றில் கலக்கும் செய்யாறு, சங்க இலக்கியத்தில் சேயாறு எனப்படுகிறது. பெருங்கௌசிகனார் நன்னன்மீது பாடிய மலைபடுகடாம் இவ்வாற்றையும் நவிர மலையையும் செங்கண்மா என்னும் நகரையும் சேர்த்தே பேசுவதால், அந்நகர் இன்றைய செங்கமே என அறிஞர் கொள்வர். ஆநிரைப் பூசலில் மாண்ட வீரர்க்குப் பல்லவர் காலத்தில் நாட்டப்பட்டு, வட்டெழுத்துப் பொறிப்புடன் இவ்வட்டாரத்தில் கிடைத்த நடுகற்களைத் தமிழ்நாடு தொல்லியல் துறை 1972இல் நூலாக வெளியிட்டது.

தை 6, கீழ்சேப்பிளி

நடுகல்லுக்கும் நெடுங்காலம் முற்பட்ட பெருங்கற்கால ஈமச்சின்னங்களான கற்திட்டைகள் இங்கு மலைமேல் நிற்கின்றன. பலகைக் கற்களைச் செங்குத்தாக நிறுத்தி, மேலே பெருங்கல் ஒன்றை மூடியாக ஏற்றி, தரைக்கு மேல் தெரியும்படி அமைப்பது கற்திட்டை. அவ்வாறன்றி நிலத்துள் புதைந்திருப்பது கற்பதுக்கை. பக்கப் பலகையில் வட்டமாகக் குடையப்படும் துளைக்கு இடுதுளை என்று பெயர். பழங்காலத்தில் குள்ளமான மனிதர் குடியிருந்த இடங்கள் எனக் கருதும் மலைவாழ் மலையாளி மக்கள் இவற்றை வாலியர் வீடு என வழங்குகின்றனர். இறந்தோர்க்கு எழுப்பியதை வீடென்று கொண்ட இவ்வழக்கைப் பேதைமை என ஒதுக்குவது தகாது. சுவரும் கூரையும் வாயிலும் உடைய உறைவிடம் ஒன்றையே கட்டியவரும் மனத்திற் கொண்டிருக்கக் கூடுமாதலின், கல்லோடு அப்பெயரும் பதிவு பெறுதல் வேண்டும். கொரியாவின் கோசாங், ஹ்வாசுன், கங்வா கற்திட்டைகள் 2000ஆம் ஆண்டிலேயே யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னங்களாயின. புதையல் வேட்டையாலும் கல்லுடைப்பாலும் அழியத்தக்க இம்மலையின் சின்னங்களுக்கும் அத்தகைய அக்கறை உரியது.

தை 8, பையம்பள்ளி

கற்திட்டை எழுப்பிய காலத்து மக்கள் வாழ்ந்த வீடுகள் மலைமேல் கண்ணுக்குத் தெரிவதில்லை. மண்ணாலும் மரத்தாலும் புல்லாலும் ஆகிய வீடு நெடுங்காலம் நிற்பதுமில்லை. ஆகவே திருப்பத்தூரை அடுத்த இவ்வூரில் 1964–65இலும் 1967–68இலும் இந்தியத் தொல்லியல் துறைக்காக எஸ்.ஆர். ராவ் நடத்திய அகழாய்வு பெருமதிப்புடையது. பெருங்கற்கால அடுக்கின் கீழே, அதற்கும் முற்பட்ட புதிய கற்கால மக்கள் நிலத்தைக் குடைந்து அமைத்த குழிவீடுகளும், மெருகேற்றிய கற்கோடரிகளும், சாம்பல்நிறப் பானையோடுகளும், கரிந்த கொள்ளும் பச்சைப்பயறும் அங்கே வெளிப்பட்டன. அதே வகைக் கோடரிகளை ஜவ்வாது மலையின் சிற்றூர்க் கோயில்களில் மக்கள் தெய்வமாக வைத்து இன்றும் வழிபடுகின்றனர்.