மகளின் கையிலிருந்த புத்தகம்

வளரும் பிள்ளைகளின் மௌனத்தை அடக்கம் என்று எண்ணிப் பெற்றோராகிய நாம் மகிழ்ந்துவிடுகிறோம். அதில் தனிமையும் ஒளிந்திருக்கலாம் என்பதை என் மகள் படித்த நாவல் ஒன்று எனக்கு உணர்த்தியது.

ஒரகடத்துத் தொழிற்சாலையில் வேலை கிடைத்ததால், தென்கோடிக் கிராமத்தை விட்டு ஸ்ரீபெரும்புதூரில் குடியேறினோம். வாரந்தோறும் ஷிப்டு மாறும். நான் வீடு திரும்பும்போது மகள் பள்ளிக்குப் போயிருப்பாள், அல்லது உறங்கியிருப்பாள்.

ஒரு ஞாயிறு, திருப்பலிக்குப் புறப்படும் நேரத்தில் அவள் ஏதோ ஆங்கில நாவலில் மூழ்கியிருந்தாள். விநோதக் கிழவிகள், வேற்றுலகப் பயணம் என்று அவள் விளக்கியதும், "மந்திரக் கதையா?" என்று பிடுங்கிப் பரண்மேல் வைத்துவிட்டேன். அவள் அழவில்லை. அதுதான் என்னை உறுத்தியது. விடுமுறை நாளொன்றில் அதை எடுத்து, அகராதியின் துணையோடு படிக்கத் தொடங்கினேன்.

மேடலின் லெங்கிள் என்ற அமெரிக்க எழுத்தாளர் 1962-இல் வெளியிட்ட 'எ ரிங்கிள் இன் டைம்' என்னும் நாவல் அது. தான் அழகற்றவள், எவருக்கும் வேண்டாதவள் என்று குமுறும் சிறுமி மெக், காணாமற்போன தந்தையைத் தேடிக் காமஸோட்ஸ் என்னும் கோளுக்குச் செல்கிறாள். அங்கே வீடுகளெல்லாம் ஒரே அச்சு. வாசல்தோறும் குழந்தைகள் ஒரே தாளத்தில் பந்து தட்டுகின்றனர். உடலற்ற மூளையொன்று அனைவரையும் ஆட்டிவைக்கிறது. இருளை எதிர்த்துப் போராடியவர்களை எண்ணுமிடத்தில் முதலில் வருவது இயேசுவின் பெயர். புனித பிரான்சிசும் காந்தியடிகளும் அவ்வரிசையில் உண்டு.

மெக் தந்தையை மீட்கிறாள். ஆனால் அவரால் எல்லாவற்றையும் சரிசெய்ய இயலவில்லை. அவளுடைய தம்பி தீமையின் பிடியில் சிக்கிக்கொள்கிறான். தந்தைமீது சினங்கொள்ளும் மெக், பின்பு தானே திரும்பிச் சென்று, அன்பு ஒன்றினாலேயே தம்பியை மீட்கிறாள். அந்த மூளையிடம் இல்லாதது அது ஒன்றுதான்.

மறுநாள் புத்தகத்தை மகளிடம் கொடுத்து, "படித்துப் பாராமல் பிடுங்கியது என் தவறு, அம்மா" என்றேன்.

"மெக் அப்பாமேல் கோபப்படும் இடம் வந்ததா, அப்பா?" என்று கேட்டாள்.

"வந்தது. அதை இரண்டு முறை படித்தேன்."

அதன்பின் மடை திறந்தாற்போல் பேசினாள். அவளுடைய ஊர்ப்பேச்சை வகுப்பில் கேலி செய்வதையும், மதிய உணவை அவள் தனியே உண்பதையும் அன்றுதான் அறிந்தேன்.

எல்லாம் வல்ல தந்தை ஆண்டவர் ஒருவரே. நம்மிடம் பிள்ளைகள் அந்த வல்லமையை எதிர்பார்ப்பதில்லை. நாம் அருகில் அமர்ந்து செவிகொடுப்பதையே எதிர்பார்க்கிறார்கள். என் ஷிப்டு இன்றும் மாறிக்கொண்டுதான் இருக்கிறது. ஆயினும், வீட்டிலிருக்கும் இரவுகளில் செபமாலை முடிந்ததும் சிறிது நேரம் அவளுக்குரியது. அந்த நாவல் இப்போது பரணில் இல்லை. எங்கள் திருவிவிலியம் இருக்கும் அதே அலமாரியில் இருக்கிறது.