ஹரிஸ் பார்க்கில் ஓர் ஆகாசத் தாமரை

சிட்னியின் மத்திய நிலையத்திலிருந்து மேற்கே போகும் ரயிலில், பரமட்டாவுக்கு முந்தின நிலையமாக வருவது ஹரிஸ் பார்க். பழைய சிறு வீடுகளின் முன் தாழ்வாரங்களையே போஜனசாலைகளாக மாற்றித் தோசையும் சாட்டும் பரிமாறும் விக்ரம் தெருவில் மாலை வேளைகளில் நம்மவர் கூட்டம் நிரம்பி வழிந்தாலும், இரண்டு குறுக்குச் சந்துகளைத் தாண்டிவிட்டால் அரவம் அடங்கி, தோட்டமும் வேலியுமாக வீடுகள் அமைதியாக நிற்கின்றன. அப்படிப்பட்ட ஒரு வீட்டின் தாழ்வாரத்தில், தொட்டியோ மண்ணோ நாரோ எதுவுமின்றி, வெறும் கம்பியொன்றில் ஜடாமுடியைப்போல் சாம்பல் நிறத்தில் சரிந்து தொங்கிய ஒரு செடி என்னை நிறுத்திவிட்டது.

வீட்டுக்குரிய அம்மையார் யாழ்ப்பாணத்தவர். நான் தயங்கி நிற்பதைக் கண்டு தாமே வெளியே வந்து, "தம்பி, உதுக்கு மண்ணும் வேண்டாம், சட்டியும் வேண்டாம். வெக்கை நாளிலை கொஞ்சத் தண்ணி தெளிச்சு விட்டாக் காணும்" என்றார்.

அதைக் கேட்டதும் ஆகாசத் தாமரை என் நினைவுக்கு வந்தது. நம் தேசத்துத் தர்க்க சாஸ்திரிகள், இல்லாத பொருளுக்கு உதாரணம் சொல்ல வேண்டியபோதெல்லாம் அதைத்தான் அழைத்து வந்தார்கள். குளத்துத் தாமரை மணக்கிறது, ஆகாசத் தாமரையும் தாமரைதானே, ஆகவே அதுவும் மணக்க வேண்டும் என்று ஒருவன் வாதித்தால், அந்த வாதத்துக்கு நிற்க இடமே இல்லை என்பதை அன்னம்பட்டரின் தர்க்க சங்கிரகம் வாசிக்கும் இளம் மாணாக்கனும் அறிவான். தர்க்கத்தின் தீர்ப்பு முற்றிலும் சரியானதே. ஒரு லிட்டர் நீரின் எடை 1000 கிராம். அதே அளவு காற்றின் எடை ஒரு கிராமைச் சற்றே தாண்டும். பெரும்பகுதி நீராலேயே ஆன ஒரு தாவரம் தன்னைக் காற்றில் நிறுத்திக்கொள்ள வேண்டுமாயின், ஒவ்வொரு கிலோ எடைக்கும் ஏறக்குறைய ஒரு கன மீட்டர் ஹைட்ரஜன் வாயுவைத் தன் உடலில் பைகட்டிச் சுமக்க வேண்டும். எருக்கின் பஞ்சு விதை மிதக்கிறது, பெரணியின் வித்துத்தூள் மிதக்கிறது. ஆனால் இலையும் பூவுமாக வாழ்கிற முழுச்செடி எதுவும் இன்றுவரை மிதந்ததில்லை.

ஆயினும் இயற்கை அந்தக் கற்பனைக்கு எவ்வளவு நெருக்கத்தில் வந்து நிற்கிறது என்பதற்கு அந்தக் கம்பியில் தொங்கிய செடியே சாட்சி. ஸ்பானியப் பாசி என்று வழங்கினாலும் அது பாசியன்று. அன்னாசியின் குடும்பத்தைச் சேர்ந்த பூக்கும் தாவரம். அதன் ஜன்மபூமி அமெரிக்கக் கண்டங்கள். வளர்ந்த செடிக்கு வேரே கிடையாது. அதன் தண்டையும் இலையையும் மூடியிருக்கும் நுண்ணிய செதில்கள், மழைத்துளியோ பனியோ பட்டவுடன் நீரை உள்ளே இழுத்துக்கொண்டு, காய்ந்ததும் படிந்து மூடிவிடுகின்றன. சாம்பல் நிறம் அந்தச் செதில்களால் வருவதே. பகலில் இலைத்துளைகளைத் திறந்தால் உள்ள ஈரமும் போய்விடும் என்பதால், இரவில் மட்டுமே அவற்றைத் திறந்து கரியமில வாயுவை வாங்கி வைத்துக்கொள்கிறது. உப்புச் சத்துக்களோ, காற்றில் பறக்கும் தூசியிலும் மழைநீரிலும் கரைந்து வருபவை. இதன் இனத்துக்கு டிலாண்ட்சியா என்று பெயரிட்ட லின்னேயஸ், பதினேழாம் நூற்றாண்டின் எலியாஸ் டிலாண்ட்ஸ் என்ற வைத்தியரை நினைத்து அவ்விதம் செய்தார். கடற்பயணத்தில் பட்ட அவஸ்தைக்கு அஞ்சி, குறுக்கே கிடந்த வளைகுடா முழுவதையும் அந்த வைத்தியர் தரைவழியாகவே சுற்றி ஊர் திரும்பினாராம். ஆனால் அவரைப்போல் இந்தச் செடிகளும் நீரை வெறுப்பவை என்று லின்னேயஸ் கருதியது சரியன்று. பெரு, சிலி நாடுகளின் கடலோரப் பாலைகளில், வேரூன்றாமல் மணல்மேல் வெறுமனே கிடந்து, கடலிலிருந்து ஏறிவரும் மூடுபனியை மட்டும் பருகிப் பரந்த வெளிகளையே மூடி வளரும் டிலாண்ட்சியா வகைகள் உண்டு என்று அறியும்போது, நீரை இவ்வளவு கருத்தோடு தேடும் ஜீவன் வேறு எது என்றே எனக்குத் தோன்றுகிறது.

"எங்கட பக்கம் ஆகாச கருடன் கட்டித் தூக்குவினம்" என்று அம்மையார் நினைவுகூர்ந்தார். தமிழ்நாட்டிலும் திருஷ்டி கழிய வாசலில் கயிற்றில் கட்டித் தொங்கவிடும் அந்தக் கிழங்கு, மண்ணையும் நீரையும் காணாமலே அந்தரத்தில் துளிர்த்துக் கொடி நீட்டுவதை நாம் அனைவரும் கண்டிருக்கிறோம். ஆனால் அதன் ஜீவிதம் வேறு வகை. மழைக்காலத்தில் மண்ணுக்குள் இருந்து சேர்த்த மாவையும் நீரையும் செலவிட்டே அது தழைக்கிறது. இருப்பு தீர்ந்தால் சுருங்கிப் போகும். டிலாண்ட்சியாவோ அன்றாடம் வருவதை அன்றாடம் வாங்கி உண்பது. இவ்விரண்டில் இரண்டாவதையே நான் பெரிதாக மதிக்கிறேன். கிழங்கை ஊரிலிருந்து கொண்டுவர ஆஸ்திரேலியாவின் உயிர்ப்பாதுகாப்புச் சட்டம் இடங்கொடாது. விமான நிலையத்திலேயே வாங்கி அழித்துவிடுவார்கள். அந்தக் கண்டிப்பு நியாயமானதே.

மண் வேண்டாத செடியைப் பார்த்த கையோடு, மண்ணைச் சோதித்த இடத்தையும் பார்க்க நடந்தேன். ரூஸ் தெருவில் உள்ள எக்ஸ்பெரிமெண்ட் ஃபார்ம் காட்டேஜ், இந்திய பங்களாவின் சாயலில் அகன்ற தாழ்வாரத்தோடு கட்டப்பட்ட வீடு. ஆதிக்குடிகளான தருக் மக்களின் பூமியாயிருந்த இவ்விடத்தில், தண்டனை முடிந்த கைதியான ஜேம்ஸ் ரூஸ் என்பவரிடம் 1789-இல் நிலம் ஒப்படைக்கப்பட்டது, ஒரு மனிதன் இந்த மண்ணில் உழைத்துத் தன்னைத்தானே போஷித்துக்கொள்ள முடியுமா என்று பார்ப்பதற்காக. வெட்டிய மரங்களை எரித்து, சாம்பலை மண்ணில் கொத்திக் கலந்து, களையையும் புல்லையும் புரட்டிப் புதைத்து அவர் பயிரிட்டார். 1791-இல் சர்க்கார் தானியம் இனி வேண்டாம் என்றார். 1793-இல் நிலத்தை வாங்கிய வைத்தியர் ஜான் ஹரிஸின் பெயரே ஊருக்கு நிலைத்தது.

திரும்பும் வழியில் பல வேலிகளில் பலகையோடு பிணைத்து எல்க்ஹார்ன் பெரணியை வளர்த்திருந்தார்கள். இது இந்தக் கீழைக்கரைக் காடுகளின் சொந்தச் செடி. அதற்கு இலைகள் இரு வகை: மான்கொம்பாய்க் கிளைத்து வெளியே நீள்பவை பச்சையாயிருக்க, மரத்தோடு கேடயமாய் ஒட்டிப் படிபவை பழுத்துக் கருகியும் உதிராமல், மேலிருந்து விழும் சருகுகளைத் தாங்கிக்கொள்கின்றன. கொல்லிமலையில் முடவாட்டுக்கால் என்று விற்கிறார்களே, அந்தப் பெரணியும் இதே உபாயத்தைத்தான் கையாளுகிறது. சருகு மக்கி உரமாகி, அந்த உரத்திலேயே வேர் பரவ, மரத்தின் உயரத்தில் செடி தனக்கென்று ஒரு மண்ணைத் தானே செய்துகொள்கிறது. பல்லாண்டு வளர்ந்த பெரணிகளின் பாரம் தாங்காமல் கிளைகளே முறிந்து விழுவதுண்டாம். ஆஸ்திரேலியர்கள் உரத்துக்காக வாழைப்பழத் தோலைப் பெரணியின் கேடய இலைகளுக்குப் பின்னே செருகி வைக்கிறார்கள். ஹரிஸ் பார்க்கின் வேலியொன்றிலும் அப்படிச் செருகிய மஞ்சள் தோல் ஒன்றைக் கண்டேன்.